உண்மைக் கதையைச் சரிபார்க்க மதுரைக்குப் போனேன்

மதுரை ரயில் நிலைய வாசலில் அட்டையைப் பிடித்துக்கொண்டு நின்ற மனிதரைப் பார்த்தவுடனேயே எனக்குப் பிடிக்கவில்லை. என் பெயர் புவனேஸ்வரி. அட்டையில் புவனேஸ்வர் என்று ஓர் ஊரின் பெயர் இருந்தது. அதைச் சுட்டிக்காட்டினேன். "ஒரு எழுத்துதானே மேடம், ஆள் வந்துட்டீங்கல்ல" என்று சிரித்தார். தேவைக்கு மேல் சிரிக்கிறவர்களைக் கண்டால் எனக்கு ஆகாது.

அந்த நாட்களில் சந்தேகப்படுவதுதான் என் வேலை. கோலாலம்பூரில் நான் இருந்த தொலைக்காட்சி நிறுவனம் வாரம் ஒரு நாடகம் ஒளிபரப்பியது. ஒவ்வொன்றும் நடந்த கதை என்று தொடக்கத்திலேயே கொட்டை எழுத்தில் போடுவோம். யாராவது தங்கள் வாழ்க்கையை இரண்டு பக்கத்தில் எழுதி அனுப்புவார்கள். அதை ஓர் அறையில் உட்கார்ந்து ஐந்தாறு பேர் பிய்த்து, வண்ண அட்டைகளில் காட்சி காட்சியாக எழுதிச் சுவரில் ஒட்டுவோம். ஒவ்வொரு விளம்பர இடைவேளைக்கு முன்னாலும் ஓர் அழுகையோ கன்னத்தில் ஓர் அறையோ விழுந்தாக வேண்டும். பிறகு அது சென்னையில் ஒரு ஸ்டூடியோவுக்குப் போகும். அங்கே ஒரே கூடம் இந்த வாரம் ஜமீன் வீடாக இருக்கும், அடுத்த வாரம் ஆஸ்பத்திரி ஆகிவிடும்.

ஒருமுறை, ஒரு பெண் அழுது அழுது சொன்ன சொந்தக் கதை பழைய சினிமா ஒன்றின் கதை என்று நேயர்கள் கண்டுபிடித்துக் கடிதம் போட்டார்கள். நிர்வாகத்துக்கு அவமானமாகிவிட்டது. அதன்பிறகு கதைக்குச் சொந்தக்காரரை ஒருவர் நேரில் போய்ப் பார்த்துவிட்டு வர வேண்டும் என்று விதி வந்தது. அந்த ஒருவர் நான்தான். கையில் ஒரு சின்ன வீடியோ கேமராவைக் கொடுத்து அனுப்பிவிடுவார்கள்.

மதுரைக் கதை எங்களுக்கு மிகவும் பிடித்துப்போன கதை. டி. கல்லுப்பட்டியில் சத்துணவுக் கூடத்தில் வேலை செய்யும் பாண்டியம்மாள் என்பவருடையது. கணவன் மலேசியாவுக்கு உணவகத்தில் வேலை பார்க்கப் போனான். சில வருடம் கடிதம் வந்தது, பிறகு நின்றது. அங்கே இன்னொரு பெண்ணோடு குடும்பம் நடத்துகிறான் என்று தெரியவந்தது. கைக்குழந்தையாக விட்டுப்போன மகளை இவரே வளர்த்து, கல்லூரி வரை படிக்கவைத்தார். எங்கள் நேயர்களில் பாதிப்பேர் அழுதுவிடுவார்கள் என்று தயாரிப்பாளர் கைகளைத் தேய்த்துக்கொண்டார்.

இந்தக் கதையைப் பிடித்துக் கொடுத்தவர்தான் அட்டை பிடித்து நின்ற குபேந்திரன். சென்னையிலிருந்து வரும் படப்பிடிப்புக் குழுக்களுக்கு வீடு, வண்டி, கூட்டம் எல்லாம் ஏற்பாடு செய்து கொடுப்பவர். "மாட்டு வண்டி வேணுமா, மாமியார் வேணுமா, ஒரு வார்த்தை சொல்லுங்க மேடம். சாயங்காலத்துக்குள்ள கொண்டாந்து நிறுத்திருவேன்" என்றார் காரில் ஏறியவுடன். பெருமையாகத்தான் சொன்னார். மாமியாரைக் கொண்டுவந்து நிறுத்துகிறவர் பாண்டியம்மாளைக் கொண்டுவந்து நிறுத்த எவ்வளவு நேரமாகும் என்று நான் யோசித்தேன்.

"இன்றைக்கே கல்லுப்பட்டிக்குப் போகலாமா?" என்று கேட்டேன்.

"இன்னைக்கு அமாவாசை. நாளைக்கு அவங்களே மதுரைக்கு வாராங்க. நீங்க மொதல்ல சாப்பிடுங்க."

சாப்பிடப்போன இடம் ஒரு சந்துக்குள் இருந்தது. கறிதோசை வந்தது. அடியில் தோசை, நடுவில் முட்டை, மேலே மிளகோடு வெந்த ஆட்டுக்கறி. எங்கள் ஊரில் பரோட்டா மாதிரியான ரொட்டி சானாயைச் சாவகாசமாகப் பிய்த்துத் தின்றுகொண்டே ஒரு மணிநேரம் அரட்டை அடிப்போம். இங்கே யாரும் பேசவில்லை. தலையைக் குனிந்து சாப்பிட்டார்கள், எழுந்து போனார்கள். அவர்கள் எழுவதற்கு முன்பே அடுத்தவர் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டு நின்றார். தோசை அருமையாக இருந்தது. அதுவும்கூட என் வாயை அடைப்பதற்கான ஏற்பாடோ என்றுதான் தோன்றியது.

சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போதே குபேந்திரனுக்குச் செல்போனில் அழைப்பு வந்தது. என்னைப் பார்த்துக்கொண்டே பேசினார். தமிழ் இல்லை. தெலுங்கோ இந்தியோகூட இல்லை. இரண்டு முறை "மலேசியா" என்ற சொல் மட்டும் காதில் விழுந்தது.

"என்ன மொழி?"

"எங்க வீட்டு பாஷை மேடம், சௌராஷ்டிரா. சும்மா வீட்டு விஷயம்."

வீட்டு விஷயத்தில் மலேசியாவுக்கு என்ன வேலை? 

மறுநாள் அவர் என்னை அழைத்துப்போனது கே.கே. நகரில் ஒரு பெரிய வீட்டுக்கு. தெருவெல்லாம் கிளினிக் பலகைகளும் ஸ்கூட்டர்களுமாக இருந்தது. உள்ளே கூடத்தின் நடுவில் வளைந்து இறங்கும் மாடிப்படியைப் பார்த்ததும் எங்கேயோ பார்த்திருக்கிறோமே என்று தோன்றியது. எங்கள் நாடகத்திலேயே மணப்பெண்கள் அதில் இறங்கி வந்திருக்கிறார்கள். ஒரு வில்லி அதில் உருண்டிருக்கிறாள். படப்பிடிப்புக்கு வாடகைக்கு விடும் வீடு.

அந்தக் கூடத்தின் சோபாவில் பட்டுச்சேலை கட்டி, தலை நிறைய மல்லிகை வைத்து ஓர் அம்மாள் உட்கார்ந்திருந்தார். நாற்பதைக் கடந்த வயது. பக்கத்தில் இருபது வயதுப் பெண்.

"இவங்கதான் பாண்டியம்மா. இது மகள் கவிதா" என்றார் குபேந்திரன்.

கவிதா வணக்கம் சொன்னாள். என் கைப்பையின் மேல் வைத்த கண்ணை எடுக்கவில்லை.

நான் கேமராவை வைத்துவிட்டு, "உங்க கதையை உங்க வார்த்தையில சொல்லுங்கக்கா" என்றேன். சொன்னார். எங்கும் தடுமாறவில்லை. கடிதம் நின்றதைச் சொல்லும்போது குரல் இறங்கியது. மகளைப் பள்ளியில் சேர்த்ததைச் சொல்லும்போது நிமிர்ந்தது. மாமியார் இறந்தபோது கணவன் ஒரே ஒரு முறை வந்து, காரியம் முடித்துவிட்டுத் திரும்பிப்போனதுவரை வந்தவர், கொஞ்சம் நிறுத்தினார்.

"நான் விடல. திருச்சி ஏர்போர்ட்டுக்கே போனேன். அம்புட்டு சனத்துக்கு முன்னாடி எங்க கல்யாணப் போட்டோவை ரெண்டாக் கிழிச்சேன். அவரு பாதியை அவரு சட்டைப் பையில சொருகிட்டு, 'உன் முகத்தை நீயே வச்சுக்கோ'ன்னு சொல்லிட்டு வந்துட்டேன்."

கண்ணில் நீர் நின்றது. சரியான இடத்தில் நின்றது.

 உன் முகத்தை நீயே வைத்துக்கொள் என்பது என் வசனம். விமான நிலையமும் கிழிந்த புகைப்படமும் என் கற்பனை. அவர் அனுப்பிய இரண்டு பக்கத்தில் கணவன் திரும்பிப் போனான் என்று ஒரு வரிதான் இருந்தது. மூன்றாவது இடைவேளைக்கு முன்னால் ஒன்றும் இல்லாமல் சப்பென்று இருக்கிறதே என்று, கோலாலம்பூரில் மதியச் சாப்பாட்டுக்கு மீ கோரிங் நூடுல்ஸ் வருவதற்குக் காத்திருந்த நேரத்தில், ஓர் இளஞ்சிவப்பு அட்டையில் நானே எழுதி ஒட்டியது. என் காட்சியை எனக்கே கண்ணீரோடு சொல்லிக்கொண்டிருந்தார் அந்த அம்மாள்.

நடிகை. முடிவு செய்துவிட்டேன். நாங்கள் அனுப்பியிருந்த கதைச் சுருக்கத்தைக் குபேந்திரன் இவரிடம் கொடுத்து மனப்பாடம் பண்ண வைத்திருக்கிறார்.

முகத்தில் எதையும் காட்டிக்கொள்ளாமல் வழக்கமான கடைசிச் சடங்குக்குப் போனேன். எங்கள் வழக்கறிஞர் எழுதிக் கொடுத்த இரண்டு வாக்கியங்களைக் கேமராவைப் பார்த்துச் சொல்ல வேண்டும். "இதில் இனி எனக்கு எந்த உரிமையும் இல்லை. எதிர்காலத்தில் எந்தக் கோரிக்கையும் வைக்க மாட்டேன்."

முதல் வாக்கியத்தின் பாதியில் அந்த அம்மாள் நின்றுவிட்டார்.

"எதுல உரிமை இல்ல?"

"கதையில."

"கதைன்னு இதுல இல்லையே."

அம்மாவும் மகளும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். "அம்மாவுக்குத் தலை வலிக்குது" என்றாள் கவிதா. அடுத்த நிமிடம் இருவரும் வாசலில் செருப்பு மாட்டிக்கொண்டிருந்தார்கள். குபேந்திரன் பின்னாலேயே ஓடினார். ஓடிக்கொண்டே செல்போனில் அவருடைய வீட்டு மொழியில் பேசினார்.

கூலிக்கு நடிக்க வந்தவருக்குக்கூடச் சட்டம் என்றால் பயம் வந்துவிட்டது என்று நினைத்தேன்.

அதற்கடுத்த நாள், உடம்பு சரியில்லை என்று குபேந்திரனுக்குச் சொல்லிவிட்டு, தனியாக டி. கல்லுப்பட்டி பஸ்ஸில் ஏறினேன். உண்மையான பாண்டியம்மாள் என்று ஒருவர் இருந்தால் அவரை அவருடைய ஊரிலேயே பிடித்துவிடுவது என்பது திட்டம்.

திருமங்கலம் தாண்டியதும் டயர் வெடித்தது. டிரைவர் இறங்கிப் பார்த்தார். கண்டக்டர் பீடி பற்றவைத்துக்கொண்டார். யாரும் கோபப்படவில்லை. எங்கள் ஊரில் இதற்குள் நாலு பேராவது கம்பெனிக்கு போன் போட்டுக் கத்தியிருப்பார்கள். இங்கே எல்லோரும் இறங்கி, கருவேல மரங்களின் கிழிசல் நிழலில் நின்று, முன்பே தெரிந்தவர்கள் மாதிரி பேசத் தொடங்கினார்கள். இரண்டு பக்கமும் கரிசல் நிலம் கண்ணுக்கு எட்டுமட்டும் வெடித்துக் கிடந்தது.

பின்னால் வந்த பஸ்ஸில் எங்களை ஏற்றிவிட்டார்கள். முருங்கைக்காய்க் கட்டு வைத்திருந்த ஓர் அம்மாள் என் கையைப் பிடித்து இழுத்துத் தன் இருக்கையில் பாதியைக் கொடுத்தார். கொடுத்த இடத்துக்குப் பதிலாகக் கேள்விகள் வந்தன.

"எந்த ஊரும்மா?"

"மலேசியா."

"இங்க யாரு வீட்டுக்கு?"

"பாண்டியம்மான்னு, சத்துணவுக் கூடத்துல…"

"புருசன் மலேசியாவுல இருக்கே, அந்தப் பாண்டியம்மாவா?"

அப்படி ஒருவர் இருக்கத்தான் செய்கிறார். நான் நிம்மதியாகத் தலையாட்டினேன். அந்த அம்மாள் என்னை மேலிருந்து கீழாகப் பார்த்தார். கழுத்தைப் பார்த்தார். கால்விரல்களைப் பார்த்தார். முன்னிருக்கைக்காரரும் திரும்பிப் பார்த்தார்.

"நீதானா அவ?"

"எவ?"

"அங்க அவரு சேத்துக்கிட்டவ."

 நான் பதறிப்போய் இல்லை இல்லை என்றேன். எவ்வளவு பதறினேனோ அவ்வளவுக்கு அவர்கள் உறுதிப்பட்டார்கள். "பாடுபட்டுப் பிள்ளையை வளத்திருக்கா. அவளை நிம்மதியா விட்டுருங்க தாயி" என்றார் முருங்கைக்காய் அம்மாள். கடுமையாகச் சொல்லவில்லை. பக்கத்தில் இடம் கொடுத்ததையும் திரும்ப வாங்கிக்கொள்ளவில்லை. "கல்லுப்பட்டி ஆசிரமம் எறங்குறவங்க எறங்கு" என்று கண்டக்டர் கத்தியபோது, கூட்டத்தோடு நானும் இறங்கித் தப்பினேன்.

பள்ளிக்கூடத்தைக் கண்டுபிடிப்பது கஷ்டமாக இல்லை. பின்பக்கம் ஓட்டுக் கூரையிலிருந்து புகை வந்த இடத்துக்குப் போனேன். அடுப்பில் பெரிய அண்டா. பழைய நூல்சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு, கரண்டியோடு ஒரு பெண் நின்றிருந்தார்.

அதே அம்மாள். கே.கே. நகர் சோபாவில் பட்டுச்சேலையில் உட்கார்ந்திருந்தவர்.

இரண்டு நாளாக நான் கட்டிவைத்திருந்தது எல்லாம் அந்த வாசலிலேயே சரிந்தது. அவருக்கு ஆச்சரியம் எதுவும் இல்லை. எதிர்பார்த்த ஆள் வந்துவிட்டது போல ஒரு பார்வை.

"வேவு பாக்க வந்தீங்களாக்கும்" என்றார். "இருங்க. பிள்ளைகளுக்குச் சோறு போட்டுட்டு வாரேன்."

வரிசையாக உட்கார்ந்த பிள்ளைகளுக்குச் சோறும் சாம்பாரும் முட்டையும் போனது. எனக்கும் ஒரு தட்டு வந்தது. கேட்கவில்லை, வைத்துவிட்டுப் போனார். பசி. சாப்பிட்டேன்.

வீடு பக்கத்துத் தெருவில். ஒற்றை அறை, ஒரு சமையல் மூலை. கவிதா புத்தகத்தோடு உட்கார்ந்திருந்தாள். என்னைப் பார்த்ததும் எழுந்து நின்றாள்.

"உங்களை எங்கப்பாதானே அனுப்புனாரு?"

எனக்குச் சட்டென்று புரியவில்லை. பாண்டியம்மாள் பாயை விரித்தார். "உக்காருங்க. சண்டை போட வரல. உள்ளதைச் சொல்லிட்டுப் போங்க. அங்க அவளைப் பதிவு பண்ணிக் கட்டணும்னா நான் விடுதலை எழுதிக் குடுக்கணுமாம். ஆள் மேல ஆள் அனுப்பிக்கிட்டு இருக்காரு. நேத்து நீங்க என்னைய என்ன சொல்லச் சொன்னீங்க? எனக்கு எந்த உரிமையும் இல்லன்னு. கேமராவைப் பாத்து."

"அது கதைக்கு…"

"கதைன்னு அதுல எங்க இருக்கு? அதை மட்டும் வெட்டி எடுத்துக் கோர்ட்டுல போட்டுக் காட்டுனா?" என்றாள் கவிதா.

 எங்கள் ஆட்களுக்கு வெட்டி ஒட்டுவது கைவந்த கலை. வேலை அட்டையை எடுத்துக் காட்டினேன். கவிதா அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "இதெல்லாம் டவுன்ஹால் ரோட்டுலயே அடிச்சுத் தருவாங்க" என்று திருப்பிக் கொடுத்தாள்.

வேறு வழியில்லாமல் வாயைத் திறந்தேன். "அக்கா, அந்த ஏர்போர்ட் காட்சியை எழுதினது நான்தான். போட்டோவைக் கிழிக்கிறது நான் எழுதினது. முதல்ல செருப்பைக் கழட்டி எறியிற மாதிரி எழுதினேன். ஹீரோயினுக்கு மரியாதை போயிடும்னு எங்க தயாரிப்பாளர் வேணாம்னுட்டார். நீங்க அதையே சொன்னதும் உங்களை நடிகைன்னு நினைச்சுட்டேன்."

இருவரும் என்னை வெறித்துப் பார்த்தார்கள். பிறகு பாண்டியம்மாள் சிரிக்க ஆரம்பித்தார். வாயைப் பொத்திக்கொண்டு, தோள் குலுங்கச் சிரித்தார்.

"அவரு அனுப்புன ஆளா இருந்தா இதைச் சொல்லாது" என்றார் மகளிடம். "குபேந்திரன் அண்ணன்தான் வாசிச்சுக் காட்டுச்சு. இப்படித்தான் எழுதியிருக்காக, இதுல ஒரு எழுத்து மாத்துனாலும் மலேசியா மேடம் கதையைத் தள்ளிருவாகன்னு சொல்லுச்சு. எனக்கும் அந்த எடம் புடிச்சிருந்துச்சு."

"அப்போ நிஜமா என்னக்கா நடந்தது, அவர் கிளம்பின அன்னைக்கு?"

பதில் சொன்னது கவிதா. "நான் பள்ளிக்கூடத்துல இருந்தேன். ஏர்போர்ட்டெல்லாம் இல்ல. இந்த வாசல்ல வச்சே நாக்கைப் புடுங்குற மாதிரி நாலு கேள்வி கேட்டு அனுப்புச்சு எங்கம்மா."

பாண்டியம்மாள் தண்ணீர் எடுக்கிறேன் என்று எழுந்து போனார். குடம் என் பக்கத்திலேயே நிறைந்திருந்தது.

"ஏன்க்கா இந்தக் கதையைக் கொடுத்தீங்க?" என்று அவர் திரும்பி வந்ததும் கேட்டேன்.

"உங்க டிவி அந்த ஊருல தெரியுமாமே. அவரு பாக்கணும். இவ படிச்சிட்டா, நான் யாருக்காகவும் காத்துக் கெடக்கலன்னு அவரு கண்ணால பாக்கணும். வேற எதுக்கு?"

மதுரைக்குத் திரும்பியதும் எஸ்.டி.டி. பூத்திலிருந்து கோலாலம்பூருக்குப் பேசினேன். தயாரிப்பாளர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "இவ்வளவு தொல்லை எதுக்கு? பேரை மாற்று. மலேசியாவை துபாய் ஆக்கு. யார் சம்மதமும் வேண்டாம், ஏர்போர்ட்டும் அப்படியே இருக்கட்டும்" என்றார். அவர் நல்ல மனிதர்தான். ஆனால் வருடக்கணக்கில் எத்தனை வீட்டுக் கதைகள் இப்படி ஊர் மாறியிருக்கும் என்று எனக்கு அப்போதுதான் உறைத்தது. நான் விடாமல் வழக்கறிஞரைக் கேட்டேன். பெயரும் ஊரும் நிஜமாகவே வர வேண்டுமென்றால், சம்மத வாக்கியத்தை எளிமையாக்கிக்கொள்ளலாம் என்றார் அவர். ஆனால் நடக்காத எதையும் காட்டக் கூடாது. அந்தக் கணவன் நாளைக்கு வழக்கோடு வந்து நிற்பான்.

கல்லுப்பட்டியில் கேமராவைத் திறந்தால் தெருவே கூடிவிடும். அதனால் மறுநாள் திருப்பரங்குன்றத்தில் இருந்த குபேந்திரனின் வீட்டில் எடுப்பது என்று ஏற்பாடு. அவருடைய மனைவி சுடச்சுட வெள்ளையப்பமும் காரச் சட்னியும் கொடுத்தார். அவரிடம் தனியாக, கறிதோசைக் கடையில் வந்த போனைப் பற்றி மெதுவாக விசாரித்தேன்.

"நான்தான் பேசுனேன். கேஸ் சிலிண்டர் தீந்துருச்சுன்னு சொன்னேன். மலேசியா மேடம் கூட இருக்கேன், அப்புறம் பேசுன்னு வச்சுட்டாரு."

பாதி நம்பினேன்.

"அந்தப் பட்டுச்சேலையும் பெரிய வீடும் எதுக்குங்க?" என்று குபேந்திரனைக் கேட்டேன்.

"ஒத்தை ரூம்பைக் காமிச்சா கதை சின்னதாத் தெரியும்ல மேடம்" என்றார். வழக்கமான சிரிப்பு இல்லை. "நல்ல கதை. கைவிட்டுப் போயிரக் கூடாதுன்னு பயந்துட்டேன்."

பாண்டியம்மாளிடம் இரண்டு வழிகளையும் சொன்னேன்.

"துபாய்னு போட்டா, அது தன்னைப் பத்தித்தான்னு அவருக்குத் தெரியுமா?"

"தெரியலாம். தெரியாத மாதிரியும் இருந்துக்கலாம்."

"அப்ப அது வேணாம்."

"அப்படின்னா போட்டோ கிழிக்கிறது கிடையாதுக்கா. நிஜமா நடந்ததை மட்டும்தான் காட்ட முடியும்."

 அவர் ஜன்னல் வழியாக மலையைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, "ஏத்தா, கடைக்குப் போயி ஒரு சோடா வாங்கிட்டு வா" என்றார் மகளிடம். கவிதா போகவில்லை. ஜன்னல் வெளிச்சத்தை அம்மாவின் முகத்தில் திருப்புவதற்காக ஒரு வெள்ளைத் தெர்மோகோல் அட்டையை அவளிடம் கொடுத்திருந்தோம். "நான் போயிட்டா இதை யாரு புடிக்கிறது?" என்றாள்.

நான் கேமராவை ஓடவிட்டேன்.

"அவரு ஆத்தா செத்ததுக்கு வந்தாரு. கருமாதி முடியிறவரைக்கும் இருந்தாரு. என்கூட ஒரு வார்த்தை பேசல. நானும் பேசல. கெளம்புற அன்னைக்கு வெள்ளனா எந்திரிச்சு சோறாக்குனேன். புளிச்சோறு கெளறி, எலையில கட்டி, பேப்பரைச் சுத்திப் பையில வச்சேன். 'வழியில சாப்பிடுங்க'ன்னேன். சரின்னாரு. பஸ்ஸு வந்துச்சு, போயிட்டாரு. அம்புட்டுத்தான். ஒரு கேள்வி கேக்கல. எங்க போறேன்னு கேக்கல, ஏன் போறேன்னு கேக்கல. சோத்தைக் கட்டிக் குடுத்து அனுப்பி வச்சேன். இவ சாயங்காலம் பள்ளிக்கூடம் விட்டு வந்து கேட்டா. திட்டி அனுப்பிட்டேன்னு சொன்னேன். இன்னைக்குவரைக்கும் அப்படித்தான் சொல்லிக்கிட்டு இருக்கேன்."

கேமராத் திரையில் அவர் முகம் மெல்ல இருட்டானது. கவிதாவின் கை இறங்கிவிட்டது. நான் நிறுத்தலாமா என்று பார்த்தேன். அவர் எங்கள் யாரையும் பார்க்காமல் மடியில் கையை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். தெருவில் யாரோ பூசணிக்காய் விற்றுக்கொண்டு போனார்கள். கொஞ்ச நேரம் கழித்து வெளிச்சம் கழுத்தில் ஏறி, கன்னத்தில் ஏறி, பழைய இடத்துக்கு வந்தது.

"சொல்லும்மா" என்றாள் கவிதா. 

புதிய சம்மத வாக்கியத்தை நான் படித்துக்காட்டினேன். பாண்டியம்மாள் கேமராவை நேராகப் பார்த்துச் சொன்னார்: "இது என் கதை. நாடகமா எடுக்க எனக்குச் சம்மதம்." அதோடு முடிந்தது என்று நான் பொத்தானில் விரலை வைத்தபோது, அவராகவே சேர்த்துக்கொண்டார்: "மத்த உரிமையெல்லாம் எங்கிட்டத்தான் இருக்கு."

அதை நான் வெட்டவில்லை.

கவிதாதான் குபேந்திரனின் டி.வி.எஸ். ஃபிஃப்டியில் என்னைப் பஸ் நிறுத்தம்வரை கொண்டுவந்துவிட்டாள்.  இறங்கியபிறகு, "நீங்க இதைப் போட மாட்டீங்கக்கா. அந்தப் போட்டோ கிழிக்கிறதைத்தான் போடுவீங்க" என்றாள்.

"மாட்டோம்."

"பாப்போம்."

கோலாலம்பூர் அறையில் இளஞ்சிவப்பு அட்டையை நானே பிய்த்தெடுத்தேன். இடைவேளைக்கு முன்னால் மறுபடி சப்பென்று ஆகிவிட்டது. "சோறு கட்டிக் கொடுத்தாள், சரி. அப்புறம்?" என்றார் தயாரிப்பாளர். புதிதாகச் சேர்ந்திருந்த ஓர் எழுத்தாளர் கையைத் தூக்கினார். கணவன் விமானத்தில் பொட்டலத்தைப் பிரிக்கிறான், ஒரு வாய் வைக்கிறான், உடைந்து அழுகிறான். அறையே கைதட்டியது. அது நடந்ததா என்று நமக்குத் தெரியாதே என்றேன். வழக்கறிஞர் தோளைக் குலுக்கினார். அவனை நல்லவனாகத்தானே காட்டுகிறோம், அதற்கு யார் வழக்குப் போடுவார்கள் என்றார். சென்னை ஸ்டூடியோவில் மூன்று நாற்காலியும் ஒரு வட்ட ஜன்னலும் வைத்து விமானம் தயாரானது. நடிகர் மிக நன்றாக அழுதார்.

ஒளிபரப்பானதும் கடிதங்கள் குவிந்தன. எல்லோரும் அந்த விமானக் காட்சியைத்தான் எழுதியிருந்தார்கள். பாண்டியம்மாளின் கணவனிடமிருந்து கடிதமும் இல்லை, வழக்கும் இல்லை. பார்த்தாரா என்பதுகூடத் தெரியாது.

குபேந்திரன் மூலமாக ஒரு வி.சி.டி. அனுப்பிவைத்தேன். சில வாரம் கழித்துப் பாண்டியம்மாள் அலுவலகத்துக்கே போன் செய்தார்.

"நல்லாத்தான் எடுத்திருக்கீங்க. அந்தப் பொண்ணு என்னையவிட ஒயரம். எங்க டீச்சரெல்லாம் பாத்துட்டு அழுதாங்க" என்றார். "ஒண்ணு கேக்கணும். அவரைப் பாத்தீங்களா? பிளேன்ல சாப்பிட்டு அழுதேன்னு அவரு சொன்னாரா?"

பொய் சொல்லியிருக்கலாம். அதைச் சொல்லத்தான் நாக்கில் வந்தது.

"இல்லக்கா. அவரைப் பார்க்கலை. அது நாங்க சேர்த்தது."

"நெனச்சேன்" என்றார். குரலில் வருத்தம் இருக்கிறதா என்று காதைக் கூர்மையாக்கிக்கொண்டேன். "அவரு புளிச்சோறு தொட மாட்டாரு. கல்யாணமான நாள்லருந்தே அப்படித்தான். வாடை பட்டாலே எந்திரிச்சுப் போயிருவாரு. தெரிஞ்சுதானே கட்டிக் குடுத்தேன்."

பின்னால் கவிதா விழுந்து விழுந்து சிரிக்கும் சத்தம் கேட்டது.

திருப்பரங்குன்றத்தில் கேமரா முன்னால் இதை அவர் சொல்லவில்லை. அது அன்று காலை உண்மையிலேயே அவர் மனதில் இருந்ததுதானா, எங்கள் நாடகத்தைப் பார்த்தபிறகு அவரும் ஒன்றைச் சேர்த்துக்கொண்டாரா? எனக்குத் தெரியாது. கேட்பதுதான் என் வேலை. "சரிங்கக்கா" என்று மட்டும் சொல்லி போனை வைத்தேன். அதைச் சரிபார்க்க நான் போகவில்லை.